பச்சை வட்டத்தைத் தொடாத மனிதர்

புதிதாகப் பணியில் சேர்ந்தவர்களுக்கான தொகுப்பில் இடம்பெறுவதற்காக, டிஜிட்டல் அனுபவ வடிவமைப்புத் துறையின் போக்குகளையும் வளர்ச்சியையும் பற்றி நான் ஒரு கட்டுரை எழுதித் தர வேண்டும் என்று கேட்டிருந்தீர்கள். என்னை நினைவில் வைத்திருந்தமைக்கு நன்றி. ஆயினும் அப்பொருளில் எழுதத் தக்கவர்கள் உங்களிடையே பலர் இருக்கின்றனர். வரைபடங்களும் அட்டவணைகளும் கொண்டு அவர்கள் எழுதுவார்கள். எனக்குத் தெரிந்தது நான் செய்த வேலை மட்டுமே. அதிலும் ஒரேயொரு வேலையைப் பற்றி மட்டும் இங்கே எழுதுகிறேன். துறை எந்தத் திசையில் வளர்ந்தது என்பதும், அவ்வளர்ச்சி ஒரு வீட்டு வாசலில் எப்படித் தடுக்கி நின்றது என்பதும் அதற்குள் வந்துவிடும்.

நான் இக்கலையைக் கல்லூரியில் பயின்றவன் அல்லன். திண்டுக்கல் பேருந்து நிலையத்தின் அருகே ஒரு டி.டி.பி. கடையில் திருமணப் பத்திரிகைகளும் காதணி விழா அழைப்பிதழ்களும் அச்சுக்குத் தயார் செய்துகொண்டிருந்தேன். கடைக்கு இணைய இணைப்பு வந்தபோது இணையப் பக்கம் அமைப்பது எப்படி என்று நானே படித்துக்கொண்டேன். முதல் வாடிக்கையாளர் பேகம்பூரில் தோல் வியாபாரம் செய்த ஒரு பாய். அவர் கேட்டது எளிமையானது. “நம்ம கடைக்குள்ள வந்த மாதிரி இருக்கணும் தம்பி. ஆனா நம்ம கடையை விடச் சுத்தமா இருக்கணும்.” அனுபவ வடிவமைப்பு என்பதற்கு இதைக் காட்டிலும் நல்ல விளக்கத்தை நான் பின்னாளில் எந்தக் கருத்தரங்கிலும் கேட்டதில்லை.

அக்காலத்தில் எல்லாரும் பளபளப்பைக் கேட்டார்கள். எழுத்துகள் ஓட வேண்டும், பூக்கள் உதிர வேண்டும். பின்னர் திரை உள்ளங்கை அளவுக்குச் சுருங்கியது. பளபளப்புக்கு இடமில்லாமற் போயிற்று. அதன் பின்னர்தான் இதைப் பயன்படுத்துகிறவர் யார், அவர் எங்கே தடுமாறுகிறார் என்ற கேள்விகள் எழுந்தன. பயனர் ஆய்வு என்று ஒரு தனிப் பிரிவே தோன்றியது. அடுத்து வந்தது கணக்கெடுக்கும் காலம். ஒரு காரியத்தை முடிக்க எத்தனை முறை திரையைத் தொட வேண்டியிருக்கிறது என்று எண்ணி, அந்த எண்ணிக்கையைக் குறைப்பவரே திறமைசாலி எனப்பட்டார். இப்போதோ, மனிதர் தொடுவதற்கு முன்பே அவருக்கு வேண்டியதை இயந்திரம் ஊகித்துக்கொள்கிறது. மின் கட்டணத்துக்கும் எரிவாயு உருளைக்கும் வரிசையில் நின்ற தலைமுறையைச் சேர்ந்தவன் என்பதால், இவ்வளர்ச்சியில் எனக்கு உண்மையான மகிழ்ச்சி உண்டு. அதையும் இங்கே சொல்லிவிட வேண்டும்.

உங்கள் நிறுவனத்தில் சேர்ந்த பிறகும் நான் திண்டுக்கல்லை விட்டு நகரவில்லை. நாகல் நகரில் என் வீட்டின் மாடியறையே என் அலுவலகம். உங்களுள் பலரை நான் சிறுசிறு கட்டங்களுக்குள் இருக்கும் முகங்களாகவே அறிவேன். கூட்டம் முடிந்ததும் கட்டங்கள் ஒவ்வொன்றாக அணையும். கடைசியில் என் முகம் மட்டும் திரையில் ஒரு கணம் நிற்கும். பிறகு நான் கீழே இறங்கிப்போய் அரிசி களைந்து வைப்பேன். என் மனைவி காலமான பிறகு நாள்கள் இவ்வாறே கழிந்தன. இதை இரக்கத்தை எதிர்பார்த்து எழுதவில்லை. வீட்டிலிருந்தே பணிபுரியும் நண்பர்கள் பலருக்கு இது பழகிய காட்சிதான்.

இனி அந்த வேலைக்கு வருகிறேன்.

வெளியூரில் வேலை பார்க்கும் பிள்ளைகளுக்காக ஒரு வாடிக்கையாளர் நிறுவனம் ஒரு செயலியை நடத்திவந்தது. ஊரில் தனியாக இருக்கும் தந்தையின் அல்லது தாயின் கைபேசியில் காலையில் ஒரு வட்டம் தோன்றும். அதன் நடுவே ‘நலமாக இருக்கிறேன்’ என்ற சொற்கள். பெரியவர் அதைத் தொட்டால் வட்டம் பச்சையாகும். அதே கணத்தில் பிள்ளையின் கைபேசியிலும் பச்சை தெரியும். பத்து மணி வரை தொடாவிட்டால் பிள்ளைக்கு ஆரஞ்சு நிறத்தில் எச்சரிக்கை போகும். அந்த வட்டத்தை வரைந்தவன் நான். நடுங்கும் விரலும் தவறாமல் தொடும்படி அதன் அளவை முடிவு செய்தது, கண்புரை உள்ளவருக்கும் புலப்படும் பச்சையைத் தேர்ந்தது, எல்லாம் என் கைவேலை. ஒரே தொடுதலில் முடியும் செயலி என்று எங்கள் குழு பெருமை கொண்டது.

நாளடைவில் ஒரு குறை எழுந்தது. பெரியவர்கள் சிலர் வட்டத்தைத் தொட மறந்துவிடுகிறார்கள். ஆரஞ்சைக் கண்டு பதறிப்பதறிப் பிள்ளைகள் அலுத்துப்போகிறார்கள் என்று வாடிக்கையாளர் சொன்னார். திண்டுக்கல் சுற்றுவட்டாரத்திலும் அத்தகையோர் சிலர் இருந்தனர். எங்கள் குழு ஒரு தீர்வைத் தயாரித்தது. பெரியவர் இனி எதையும் தொட வேண்டியதில்லை. கைபேசி நகர்ந்தாலே, அதைக் கையில் எடுத்தாலே, அவர் நலம் என்று செயலி தானாக முடிவு செய்து பச்சையைக் காட்டிவிடும். தொட வேண்டிய எண்ணிக்கை ஒன்றிலிருந்து பூஜ்யமாகிவிடும். துறை போகும் திசையில் அது சரியான அடுத்த படி. நானும் அவ்வாறே எண்ணினேன்.

வேலை ஏறக்குறைய முடிந்துவிட்டது. வெளியிடுவதற்கு முன் பெரியவர்கள் சிலரை நேரில் பார்த்து, மறதிதான் காரணம் என்று உறுதி செய்துகொள்ளும் சடங்கு மட்டும் மீதமிருந்தது. எங்கள் குழுத் தலைவி சென்னையில் இருந்தார். வயதில் என் மகளாக இருக்கத்தக்கவர், கூர்மையானவர். அவர் என்னை அழைத்து, “சார், உங்க ஊர்ப் பக்கம்தானே, ஒரு எட்டு பார்த்துட்டு வந்துருங்க. வெள்ளிக்கிழமை கிளையன்ட் மீட்டிங்ல ஒரு வரி சொன்னா போதும்” என்றார்.

முதலில் சாணார்பட்டிப் பக்கம் ஒரு அம்மாளைப் பார்த்தேன். அவரைக்காய் ஆய்ந்துகொண்டிருந்தவர், “மறந்துபோச்சுய்யா. மத்தபடி இது ரொம்ப நல்லாருக்கு. நீங்க மோரு குடிங்க” என்றார். எங்கள் பகுதி மனிதர்களைப் பற்றி உங்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். வீடு தேடி வந்தவரிடம், நீ கொண்டுவந்த பொருள் சரியில்லை என்று அவர்கள் சொல்லமாட்டார்கள். கேள்வித் தாளை நீட்டினால் எல்லாவற்றுக்கும் நல்லாருக்கு என்றே பதில் வரும். ஆகவே நான் கேள்விகளைச் சீக்கிரம் முடித்துக்கொண்டு, வேறு ஏதேனும் பேசியபடி கொஞ்ச நேரம் அங்கேயே அமர்ந்திருப்பேன். வாய் சொல்வதைக் கேட்பதோடு கை செய்வதையும் பார்க்க வேண்டும். சாணார்பட்டியில் கை எதையும் சொல்லவில்லை. அந்த அம்மாளுக்கு உண்மையிலேயே மறதிதான்.

மறுநாள் எரியோட்டுக்குப் போனேன். அங்கே நான் பார்க்க வேண்டியிருந்தவர் பேருந்து நடத்துநராக இருந்து ஓய்வு பெற்றவர். பெயர் கருப்பையா என்று வைத்துக்கொள்வோம். மனைவி இல்லை. ஒரே மகள் ஹைதராபாத்தில் ஒரு மருத்துவமனையில் செவிலியராக இருந்தார். திருமணமாகி ஒரு மகனும் உண்டு.

நான் போனபோது அவர் முகச்சவரம் செய்து, திருநீறு பூசி, தேய்த்த சட்டை அணிந்து, சன்னலோரம் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார்.

“எங்கயும் கிளம்பிட்டீங்களாண்ணே?” என்று கேட்டேன்.

“எங்குட்டுப் போறது? சும்மாதான். உக்காருங்க தம்பி. நீங்கதான் அந்த ஆப்புக்காரவுகளா? ஆளப் பாத்தா வாத்தியாரு மாதிரி இருக்கீங்க.”

என் கேள்விகளுக்கு அவர் சொன்ன பதில்களும் சாணார்பட்டிப் பதில்களே. மறந்துவிடுகிறது, வயதாகிவிட்டது, மற்றபடி நல்ல செயலி. நான் தாளை மடித்து வைத்துவிட்டுக் காப்பியைக் கையில் எடுத்தேன். அப்போது அவருடைய கைபேசி அதிர்ந்தது. காலை வட்டம் வந்துவிட்டது. அவர் அதை எடுத்துப் பார்த்தார். செய்தித்தாளின் மேல் கவிழ்த்து வைத்தார். சற்றுப் பொறுத்து மறுபடியும் அதிர்ந்தது.

“அண்ணே, ஞாபகப்படுத்துது போல.”

“படுத்தட்டும். அது பாட்டுக்குப் படுத்தும். நீங்க காப்பி ஆறுறதுக்குள்ள குடிங்க.”

வேடசந்தூர் வழித்தடத்தில் ஆட்டுக்குட்டிக்கு அரை டிக்கெட் கேட்ட ஒருவரைப் பற்றி அவர் சொல்லத் தொடங்கினார். நன்றாகவே சொன்னார், நான் சிரித்தேன். ஆனால் அவர் கண் கதையில் இல்லை, கவிழ்ந்து கிடந்த கைபேசியின் மீது இருந்தது. பத்து மணி கடந்தது. கதை நடுவில் நின்றுபோயிற்று.

கைபேசி மணி அடித்தது. அவர் உடனே எடுக்கவில்லை. நன்றாக அடிக்கவிட்டு, பிறகு எடுத்தார். காது சற்று மந்தமாதலால் ஒலிபெருக்கியில் போட்டார்.

“எங்கப்பா போன? பட்டனை ஏன் அமுக்கல?”

“அடடா, மறந்தே போனேன் தாயி. காலையில இருந்து ஒரே வேலை.”

“உனக்கென்னப்பா அம்புட்டு வேலை?”

“வீட்டுக்கு ஆள் வந்திருக்காக. திண்டுக்கல்லுல இருந்து. ஆப்புக்காரவுக.”

“நல்லாக் கத்துக் குடுக்கச் சொல்லு. என்ன சாப்ட்ட?”

“இட்லி.”

“தொட்டுக்க?”

“பொடி.”

“தெனம் பொடிதானா? பக்கத்து வீட்டு அக்கா கொழம்பு தருதுன்னு சொன்ன?”

“தந்துச்சு. அது கொழம்பா? குளத்துல ஒத்தக் கத்தரிக்கா நீந்துது.”

மறுமுனையில் சிரிப்பு வந்தது. “அது காதுல விழுந்துச்சுன்னா அதுவும் கெடைக்காது உனக்கு.”

“பேரப்பய பள்ளிக்கூடம் போயிட்டானா?”

“போயிட்டான். வகுப்புல உன்னய மாதிரியே விசிலடிக்கிறானாம். மிஸ் கூப்புட்டு என்னத் திட்டுறாங்க.”

“ஒத்த விசிலா, ரெட்ட விசிலா?”

“எதா இருந்தா என்னப்பா?”

“ஒத்த விசிலுக்கு நிக்கணும். ரெட்ட விசிலுக்குப் போகணும். மிஸ்ஸுகிட்ட சொல்லு.”

அவர் முகத்தைக் கூச்சமின்றிப் பார்க்க முடியாமல் நான் சன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தேன். மகள் வார்டுக்குத் திரும்ப வேண்டும் என்றும் பட்டனை மறக்காமல் அமுக்கிவிடு என்றும் சொல்லி அழைப்பை முடித்தார். கருப்பையா கண்ணாடியை எடுத்து மாட்டினார். வட்டத்தின் மீது ஆட்காட்டி விரலை நேராக, நிதானமாக வைத்தார். பச்சையாயிற்று. விரலில் நடுக்கமே இல்லை.

“நீங்க மறக்கலையேண்ணே” என்றேன்.

அவர் கண்ணாடியைக் கழற்றி உறையில் வைத்தார். “ஓடுற வண்டியில எவன் டிக்கெட் எடுத்தான் எவன் எடுக்கலன்னு மூஞ்சியப் பாத்துச் சொல்லுவேன். எனக்கா மறக்கும்?” என்றார். பிறகு குரலைத் தாழ்த்தினார். “இது வாரதுக்கு முன்னாடி தெனம் கூப்புடுவா தம்பி. என்னப்பா, உசுரோட இருக்கியான்னு கேப்பா. இப்பப் பச்சையப் பாத்துட்டு வேலைக்குப் போயிர்றா. அவளச் சொல்லிக் குத்தமில்ல. நல்லாருக்கான்னு தெரிஞ்சபொறகு எதுக்குக் கூப்புடணும்?”

“நீங்க கூப்பிடலாமே?”

“கூப்புடலாம். நான் கூப்புட்டா, வேலையா இருக்கேன்ப்பா, பொறகு பேசுறேன்னு வச்சுருவா. அவளாக் கூப்புட்டா வைக்க மாட்டா. பயந்து கூப்புடுறால்ல, பயம் தெளியிற வரைக்கும் பேசுவா. தெனம் செய்யிறதில்ல. தெனம் செஞ்சா சலிச்சுப்போயிரும். எப்பவாச்சும்தான்.”

செயலியின் புதிய வடிவத்தைப் பற்றி அவரிடம் சொல்வது முறையா என்று எனக்குத் தெரியவில்லை. எனினும் சொன்னேன். இனி வட்டம் இராது, கைபேசியைத் தொட்டாலே பச்சை போய்விடும் என்றேன். அவர் புரிந்துகொள்ளச் சிறிது நேரம் ஆயிற்று.

“மணி பாக்க எடுத்தாலுமா?”

“ஆமாண்ணே.”

“பக்கத்து வீட்டுப் பொடிசு கேம் விளையாடன்னு தூக்கிட்டுப் போவான். அதுக்குமா?”

“அதுக்கும்தான்.”

அவர் கைபேசியைத் தன் பக்கம் இழுத்து வைத்துக்கொண்டார். “அப்ப எனக்கு ஏதாச்சும் ஒண்ணு ஆனாத்தான் இனிமே பேசுவாளாக்கும்” என்றார்.

நான் எழுந்தபோது வாசல்வரை வந்தார். “தம்பி, இத நீங்க எழுதிப்புடாதீங்க. அவளுக்குத் தெரிஞ்சா, அப்பா பொய் சொல்லுதுன்னு நெனைப்பா. பொறகு நெசமாவே ஆரஞ்சு வந்தாலும் நம்ப மாட்டா.” எழுதமாட்டேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டுப் பேருந்து ஏறினேன்.

இளைய நண்பர்களே, நெருக்கடி என்றால் கணினிகள் முடங்குவதும் வெளியீட்டு நாளில் பிழை கண்டுபிடிக்கப்படுவதும் மட்டுமே என்று எண்ணிவிடாதீர்கள். அவற்றுக்குத் தீர்வு சொல்லப் பலர் இருப்பார்கள். நீங்கள் ஒருவர் மட்டுமே அறிந்த ஒரு செய்தியோடு கூட்டத்தில் அமர்ந்திருப்பதும் நெருக்கடியே. அன்று என் நிலைமை அதுதான். மறதி என்று சொன்னால் அது பொய். கருப்பையாவின் காலைப் பேச்சுகள் அத்துடன் முடிந்துவிடும். உண்மையைச் சொன்னால், பெரியவர்கள் வேண்டுமென்றே ஏமாற்றுகிறார்கள், ஆகவே தானியங்கிப் பச்சை இன்னும் அவசியம் என்று வாடிக்கையாளர் சொல்வார். அதிலும் நியாயம் இல்லாமலில்லை. பிள்ளைகளின் பதற்றமும் உண்மையானது. அதையும் நான் எடைபோட வேண்டியிருந்தது.

கூட்டத்துக்கு முன் குழுத் தலைவி தனியாக அழைத்தார். “சார், மறதிதானே?”

“எல்லாருக்கும் இல்லம்மா. ஒருத்தர் தெரிஞ்சேதான் தொடாம இருக்கார்.”

“யாரு சார்?”

“அவர் வீட்ல உக்காந்து காப்பி குடிச்சிருக்கேன். பேர் கேக்காதீங்க.”

“காரணமாவது சொல்லலாமா?”

“மீட்டிங்ல வேற ஒரு காரணம் சொல்றேன். அதுவும் உண்மைதான். நீங்க அதை மட்டும் கவனிச்சுக்கங்க.”

கூட்டத்தில் வாடிக்கையாளரின் மேலாளர் இருந்தார். புதிய வடிவத்தின் திரைகள் ஒவ்வொன்றாகக் காட்டப்பட்டன. எனக்கு முறை வந்தபோது, எங்கள் ஊர் வீடுகளில் கைபேசி ஒருவருடையது அன்று என்றேன். பக்கத்து வீட்டுப் பிள்ளை விளையாட எடுப்பான். எதிர்வீட்டுப் பெண் தன் கைபேசியில் பணம் தீர்ந்தால் எடுத்துப் பேசுவாள். பெரியவர் குளியலறையில் விழுந்து கிடக்கும் வேளையில் ஒரு சிறுவன் அவருடைய கைபேசியில் விளையாடிக்கொண்டிருந்தால், அவர் நலம் என்று நாம் மகளுக்குப் பச்சை காட்டுவோம் என்றேன். கட்டங்களுக்குள் இருந்த முகங்கள் நிமிர்ந்தன. எழுதுவதை ஒருவர் நிறுத்தினார்.

ஆனால் மேலாளர் விடவில்லை. “சார், நூத்துல ஒண்ணு அப்படி நடக்கலாம். அதுக்காகத் தெனம் எல்லாரையும் தொடச் சொல்ல முடியுமா? நாங்க விக்கிறது நிம்மதி. பசங்க காசு குடுக்குறது நிம்மதிக்குத்தான்.”

தானியங்கிப் பச்சையை முழுவதுமாக நிறுத்த என்னால் இயலாது என்று அப்போது விளங்கிற்று. ஆகவே பெரிய வேண்டுகோளைக் கைவிட்டு ஒரு சிறிய வேண்டுகோளைப் பற்றிக்கொண்டேன். புதிய வடிவத்தைத் தொடங்கும்போது பெரியவரின் கைபேசியில் ஒரு கேள்வி வரும்: ‘உங்கள் நலத்தை இனி நாங்களே தெரிவிக்கலாமா?’ வேண்டாம் என்பவருக்குப் பழைய வட்டமே தொடரும். எங்கள் திரையில் ‘சரி’ என்பது அகலமான பச்சைப் பொத்தானாகவும், ‘வேண்டாம்’ என்பது அதன் கீழே மங்கிய சிறிய எழுத்தாகவும் இருந்தன. நம் துறையில் அதுவே வழக்கம். எவரும் ‘வேண்டாம்’ சொல்லிவிடக் கூடாத இடங்களில் எல்லாம் நாம் அவ்வாறே வரைந்துவருகிறோம். இரண்டையும் ஒரே அளவில், ஒரே நிறத்தில், பக்கத்துப் பக்கத்தில் வையுங்கள் என்றேன்.

“அப்படி வச்சா நெறையப் பேர் வேண்டாம்னு போட்டுருவாங்க சார்.”

“போடட்டும். கேள்வின்னு ஒண்ணு கேட்டா, பதில் அவங்ககிட்டதான் இருக்கணும்.”

“எல்லா ஆப்லயும் இப்படித்தான் இருக்கு.”

என்னிடம் மிச்சமிருந்த பதிலைச் சொல்லக்கூடாது என்று வாக்குக் கொடுத்திருந்தேன். அப்போது குழுத் தலைவி ஒலிவாங்கியைத் திறந்தார். “சார் சொல்றபடியே வைப்போம். வரையுறவங்க நாங்க. வேற மாதிரி வேணும்னா எழுத்துல குடுங்க, ஆனா எங்க பரிந்துரை இதுதான்” என்றார். மேலாளர் தோளைக் குலுக்கினார். கட்டங்கள் அணைந்தன. அந்த வாடிக்கையாளர் தமது அடுத்த வேலையை வேறொரு நிறுவனத்துக்குக் கொடுத்தார். காரணம் இதுதானா என்று எவரும் என்னிடம் சொல்லவில்லை. குழுத் தலைவிக்கு அதனால் நேர்ந்தது என்ன என்பதை நான் கேட்டறியாமல் விட்டேன். கேட்டிருக்க வேண்டும்.

புதிய வடிவம் வெளியான வாரத்தில் எனக்கு மாடியறையில் இருப்புக்கொள்ளவில்லை. அலுவல் எதுவுமின்றி எரியோட்டுக்குப் போனேன். கருப்பையா அதே சன்னலோரம் இருந்தார்.

“வாங்க தம்பி. நல்ல கேள்வி கேட்டீங்க போங்க. எதுலயும் பச்சையா இருக்குறத அமுக்குன்னு மக சொல்லிக் குடுத்திருந்தா. இதுல ரெண்டும் ஒரே மாதிரி இருக்கு. எத அமுக்கன்னே வெளங்கல.”

இதை நான் எண்ணிப் பார்த்திருக்கவில்லை. வழிகாட்டாத பொத்தான்கள் அவரைத் தனியே விட்டுவிட்டன. “எதை அமுக்குனீங்கண்ணே?” என்று கேட்டேன்.

“அவகிட்டயே கேட்டுட்டேன். இந்தமாதிரி ஒரு கேள்வி வந்திருக்கு ஆத்தா, எத அமுக்கட்டும்னு. வேண்டாம்னு அமுக்குப்பான்னு சொல்லிட்டா.”

“ஏனாம்?”

அவர் சிரிக்கத் தொடங்கினார். சிரிப்பை அடக்கிக்கொண்டு சொன்னார். “அவளுக்குத் தெரியுமாம் தம்பி. ரொம்ப நாளாவே தெரியுமாம். ஏம்ப்பா, நைட் டூட்டி முடிஞ்சு நான் தூங்குற அன்னைக்கு மட்டும் டாண்ணு அமுக்கிர்ற, பகல் டூட்டி அன்னைக்கு மட்டும் உனக்கு மறந்துபோகுது, நான் என்ன கேணச்சியான்னு கேக்குறா.”

“அப்ப ஏன் கூப்பிட்டுக்கிட்டே இருந்தாங்க?”

“அந்த ஆரஞ்சக் காட்டுனாத்தான் அவளுக்கு மேல உள்ள பெரிய நர்சம்மா வார்ட விட்டு வெளிய விடுமாம். சும்மா அப்பாகிட்டப் பேசணும்னா விடுமா? அவளுக்கும் மூச்சு விட அந்த நேரந்தான் கெடைக்குதாம்.” அவர் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். “ரெண்டு பேரும் ஒருத்தர ஒருத்தர் ஏமாத்திக்கிட்டு இருந்திருக்கோம், பாருங்க. இனிமே நீங்க எழுதுனாலும் ஒண்ணுமில்ல.”

ஒரு படியை நீக்கினால் பயனருக்கு மிச்சமாகும் நேரத்தைக் கணக்கிட நம் துறை மிக நன்றாகக் கற்றிருக்கிறது. அந்தப் படியில் யார் நின்று யாரோடு பேசிக்கொண்டிருந்தார்கள் என்று கேட்பதற்கு இன்னும் ஒரு முறை வகுக்கப்படவில்லை. எதிர்காலப் போக்கு என்று நீங்கள் என்னிடம் கேட்டால், உங்களில் யாரேனும் அதை வகுக்க வேண்டும் என்பதையே சொல்வேன். எனக்கு அதற்கான வயது கடந்துவிட்டது. அதுவே நான் செய்த கடைசி வேலை. அடுத்து வந்த வேலைகளை உங்களிடம் ஒப்படைத்துவிட்டு ஓய்வு பெற்றேன்.

அன்று நாங்கள் பேசிக்கொண்டிருக்கையிலேயே பத்து மணி கடந்து கைபேசி ஒலித்தது. கருப்பையா இம்முறை காத்திருக்கவில்லை. முதல் மணியிலேயே எடுத்து, “செத்த இருங்க தம்பி, வாரேன்” என்று என்னிடம் கையைக் காட்டிவிட்டு, பேசியபடியே கொல்லைப்புறம் போனார். முருங்கை மரத்தடியில் அவர் குரல் ஏறுவதும் இறங்குவதும் கேட்டது; சொற்கள் கேட்கவில்லை. நான் காப்பியைக் குடித்து முடித்தேன். குவளையைக் கழுவிக் கவிழ்த்து வைத்தேன். அவர் இன்னும் பேசிக்கொண்டிருந்தார். விடைபெறுவதற்காக அந்தப் பேச்சை நிறுத்துவது சரியென்று எனக்குப் படவில்லை. வாசற்கதவைச் சத்தமின்றிச் சாத்திவிட்டு, திண்டுக்கல் பேருந்து நிற்கும் இடத்துக்கு நடந்தேன்.